ருஷ்ய மொழியில் ஒரு சதுரங்கச் சொல்

சதுரங்கம் நம் நாட்டில் தோன்றிப் பிற நாடுகளுக்குச் சென்ற ஆட்டம் என்பதை நேயர்கள் அறிவார்கள். ஆட்டம் சென்ற வழியெல்லாம் அதன் காய்களின் பெயர்களும் உடன் சென்றன. சில பெயர்களைச் சென்றவிடத்து மக்கள் தம் மொழியில் பெயர்த்துக்கொண்டார்கள். சிலவற்றைப் பொருள் கேளாமலே அப்படியே ஏற்றுக்கொண்டார்கள். வேறு சில பெயர்களோ ஒரு காயை விட்டு மற்றொரு காயின்மேல் ஏறி அமர்ந்தன. இவற்றுள் இரண்டாம் வகையைச் சேர்ந்த ஒரு சொல்லைப் பற்றி இன்று பேச எண்ணுகிறோம். அது ருஷ்ய மொழியில் வழங்கும் ‘ஃபெர்ஸ்’ என்னும் சொல். நாம் தமிழில் ராணி என்று அழைக்கும் காய்க்கு ருஷ்யர் வழங்கும் பெயர் அது.

ஒரு விளையாட்டுக் காயின் பெயருக்காக ஒரு பேச்சு முழுவதையும் செலவிட வேண்டுமா என்று சிலர் கேட்கலாம். மொழிபெயர்ப்பைத் தொழிலாகக் கொண்ட நமக்கு இச்சொல் வெறும் காயின் பெயராகத் தோன்றவில்லை. அரசியலைப் பற்றியோ அலுவலக வாழ்வைப் பற்றியோ ருஷ்யர் எழுதும் வாக்கியத்தின் நடுவே இச்சொல் எதிர்பாராமல் வந்து நிற்கும். அதை ராணி என்று பெயர்த்தால் வாக்கியம் நகைப்புக்கு இடமாகும். மந்திரி என்று பெயர்த்தால் செய்தியே பொய்யாகிவிடும். அது எவ்வாறு என்பதைப் பின்னர்க் காண்போம். அன்றியும், தில்லியிலும் மும்பையிலும் கொல்கத்தாவிலும் வாழும் தமிழ்க் குடும்பத்துப் பிள்ளைகள் அண்டை வீட்டுப் பிள்ளைகளோடு சதுரங்கப் பலகையை விரித்து உட்கார்ந்ததும் எழுகின்ற ஒரு குழப்பத்துக்கும் இச்சொல்லின் வரலாற்றில் விளக்கம் கிடைக்கிறது.

முதலில் சொல்லின் பிறப்பைப் பார்ப்போம். சதுரங்கம் என்றால் நான்கு உறுப்புக்களை உடையது என்று பொருள். தேர், யானை, குதிரை, காலாள் என்ற நால்வகைப் படையே அந்த நான்கு உறுப்புக்கள். இந்தப் படைக்கு நடுவில் அரசன் நின்றான். அரசனுக்குப் பக்கத்தில் மந்திரி நின்றான். 7ஆம் நூற்றாண்டில் பாணபட்டர் இயற்றிய ஹர்ஷசரிதத்தில் சதுரங்கம் பற்றிய குறிப்பு வருகிறது. இந்தியாவிலிருந்து ஆட்டம் பாரசீகம் சென்றது. இந்திய அரசர் ஒருவர் சதுரங்கப் பலகையை நௌஷீர்வான் மன்னரின் அவைக்கு அனுப்பி, இதன் மறைபொருளை உங்கள் அறிஞர் கண்டுபிடிக்கட்டும் என்று அறைகூவல் விடுத்ததாகப் பாரசீகத்துப் பழங்கதை ஒன்று கூறுகிறது. கதை எவ்வாறாயினும், ஆட்டம் எத்திசையிலிருந்து வந்தது என்பதில் பாரசீகருக்கு ஐயம் இருக்கவில்லை என்பது அதனால் விளங்குகிறது.

பாரசீகர் அரசனை ஷா என்றார்கள். யானையைப் பீல் என்றார்கள். குதிரையை அஸ்ப் என்றார்கள். காலாளைப் பியாதா என்றார்கள். மந்திரிக்கு அவர்கள் இட்ட பெயர் ‘ஃபர்ஜீன்’. அறிவுடையோன் என்று பொருள்படும் ‘ஃபர்ஜானா’ என்னும் சொல்லோடு அது உறவுடையது. அரசனுக்கு அறிவுரை கூறுபவன் அறிவுடையோனாகத்தானே இருக்க வேண்டும்? ஆகவே நம் மந்திரியின் பொருளைப் பெரும்பாலும் சிதையாமல் அவர்கள் காத்தார்கள் எனலாம். அராபியர் பாரசீகத்தை வென்றபின் ஆட்டம் அவர்கள் கைக்கு வந்தது. ஃபர்ஜீன் அவர்கள் நாவில் ‘ஃபிர்ஜான்’ ஆயிற்று. அராபியருக்கு அதன் மூலப்பொருள் புலப்பட்டிருக்க வேண்டிய தேவை இல்லை. அது அவர்களுக்கு ஒரு காயின் பெயர், அவ்வளவே.

இந்தக் காய் அக்காலத்தில் எவ்வளவு எளிய காய் என்பதை நாம் மறந்துவிடலாகாது. இன்றைய ராணி பலகையின் ஒரு கோடியிலிருந்து மறுகோடிவரை நேராகவும் குறுக்காகவும் மூலைவாட்டாகவும் பாய்கிறது. பழைய மந்திரியோ மூலைவாட்டாக ஒரே ஒரு கட்டம் மட்டும் நகரும். அரசனை விட்டு நெடுந்தொலைவு செல்ல அதற்கு ஆற்றல் இல்லை. அருகிலிருந்து காப்பதே அதன் தொழில். படை நடத்துவது மந்திரியின் வேலை அன்று என்று பழைய ஆட்டக்காரர்கள் எண்ணினார்கள் போலும்.

அராபியர் வழியாக ஆட்டம் மேற்கு ஐரோப்பாவுக்குச் சென்றது. ஸ்பானியர் இக்காயை ‘அல்ஃபெர்ஸா’ என்றார்கள். பழைய பிரெஞ்சு மொழியில் அது ‘ஃபியெர்ஸ்’ என்றும் ‘ஃபியெர்ஷ்’ என்றும் வழங்கிற்று. இடைக்கால ஆங்கிலத்தில் ‘ஃபெர்ஸ்’ என்றே அதற்குப் பெயர். 14ஆம் நூற்றாண்டுக் கவிஞர் சாசர் அச்சொல்லைத் தம் செய்யுளில் ஆண்டிருக்கிறார். ஆனால் ஐரோப்பிய அரண்மனைகளில் அரசனுக்குப் பக்கத்தில் இருப்பவள் அரசி. ஆகவே பலகையிலும் அந்த இடத்தில் அரசியைக் காணவே மக்கள் விரும்பினார்கள். ஸ்விட்ஸர்லாந்தில் ஐன்ஸீடெல்ன் என்னும் துறவியர் மடத்தில் கிடைத்த லத்தீன் செய்யுள் ஒன்று ஏறத்தாழ 1000ஆம் ஆண்டை ஒட்டியது. அதிலேயே இக்காய் அரசி என்று குறிக்கப்பெறுகிறது. பிரெஞ்சுப் பெயரின் ஒலி, கன்னி என்று பொருள்படும் பிரெஞ்சுச் சொல்லின் ஒலியை ஒத்திருந்ததால் காய் பெண்ணாயிற்று என்று முன்பு சிலர் கருதினார்கள். அக்கருத்தை இன்று எல்லோரும் ஏற்பதில்லை.

இங்கே ஒன்று கவனிக்கத்தக்கது. பெயர் அரசி ஆனவுடனே காய்க்கு ஆற்றல் வந்துவிடவில்லை. சுமார் 500 ஆண்டுகள் அரசி என்ற பெயரோடு, மூலைவாட்டாக ஒரு கட்டமே அது நகர்ந்துகொண்டிருந்தது. 15ஆம் நூற்றாண்டின் இறுதியில், ஸ்பெயின் நாட்டு வலென்சியாவை ஒட்டிய பகுதியில், புதிய ஆட்டமுறை பிறந்தது. 1497இல் லூசேனா என்பவர் சாலமாங்கா நகரில் அச்சிட்ட நூல் பழைய முறையையும் புதிய முறையையும் வேறுபடுத்திக் காட்டுகிறது. புதிய முறையில்தான் இக்காய் பலகை முழுவதையும் ஆளத் தொடங்கியது. அக்காலத்தில் ஸ்பெயினை ஆண்ட இசபெல்லா அரசியின் செல்வாக்கு இம்மாறுதலுக்குத் தூண்டுகோலாக இருந்திருக்கலாம் என்று நம் காலத்து ஆராய்ச்சியாளர் சிலர் கூறுகின்றனர். அது கருத்தளவில் நிற்பது. பெயர் முன்னே வந்தது, ஆற்றல் பின்னே வந்தது என்பது மட்டும் ஐயமற்ற செய்தி.

இனி ருஷ்யாவுக்கு வருவோம். ருஷ்யர் ஆட்டத்தையே ‘ஷாஹ்மதி’ என்கிறார்கள். அரசன் செயலற்றுப் போனான் என்று பொருள்படும் ‘ஷா மாத்’ என்ற தொடரே ஆட்டத்தின் பெயராக நிலைத்துவிட்டது. காய்களின் பெயரைப் பார்த்தால் ருஷ்யர் அவற்றை ஒரே வழியில் பெறவில்லை என்பது புலனாகும். குதிரை, யானை, காலாள், படகு ஆகியவற்றைத் தம் மொழிச் சொற்களாலேயே குறித்தார்கள். யானையைக் கண்டிராத குளிர்நாட்டில் யானை என்ற காய் இருப்பதே அது கிழக்கிலிருந்து வந்தது என்பதற்குச் சான்று. அரசனைக் குறிக்கும் ‘கரோல்’ என்ற சொல், மேற்கே ஆண்ட சார்லமேன் பேரரசரின் கார்ல் என்ற இயற்பெயரிலிருந்து ஸ்லாவிய மொழிகளில் பிறந்தது என்பர். ஃபெர்ஸ் என்ற பெயரோ பாரசீக ஃபர்ஜீனின் வழிவந்தது. ஆக, ருஷ்யப் பலகையில் அரசன் மேற்கிலிருந்து வந்தவன். அவன் மந்திரி கிழக்கிலிருந்து வந்தவன்.

மேற்கு ஐரோப்பாவில் பெயரும் ஆற்றலும் ஆகிய இரண்டும் மாறின. ருஷ்யாவிலோ ஆற்றல் மாறிற்று, பெயர் மாறவில்லை. இன்னும் ஒரு படி மேலே சென்று, ஃபெர்ஸுக்குக் குதிரையின் பாய்ச்சலையும் சேர்த்துக் கொடுத்து ஆடும் வழக்கமும் அங்கே ஒரு காலத்தில் இருந்தது. பேரரசி இரண்டாம் காதரீன் ஆண்ட காலத்தில் ருஷ்யாவைச் சுற்றிப் பார்த்த வில்லியம் காக்ஸ் என்ற ஆங்கிலேயர் 1784இல் வெளியிட்ட தம் பயண நூலில் இதைக் குறித்திருக்கிறார். நாட்டை ஆண்டவள் ஒரு பெண். அங்கும் பலகையின் மிகப் பெரிய காய் அரசி என்று பெயர் மாறவில்லை.

மற்றொரு வியப்பும் உண்டு. ஃபர்ஜீன் பிறந்த பாரசீகத்தில் இன்று அக்காய்க்கு வஜீர் என்றே பெயர். துருக்கியிலும் அராபிய நாடுகளிலும் வஜீர் என்ற பெயரே வழங்குகிறது. ஹங்கேரியரும் போலந்துக்காரரும் தத்தம் மொழியில் படைத்தலைவன் என்ற பொருளுடைய சொற்களைக் கொண்டார்கள். தாய்வீட்டில் வழக்கு ஒழிந்த சொல் ருஷ்யாவில் வாழ்கிறது. புலம்பெயர்ந்த சொல் சில வேளைகளில் தங்கிய சொல்லைக் காட்டிலும் நீண்ட ஆயுளைப் பெறும் என்பதை மொழியாராய்ச்சியாளர் பல மொழிகளில் கண்டிருக்கிறார்கள்.

இச்சொல் ருஷ்ய இலக்கணத்தில் எவ்வாறு நடந்துகொள்கிறது என்பதையும் சிறிது பார்க்கலாம். தனித்து நிற்கும்போது அதன் ஈற்றொலி வலித்து ஸகரம் போல் ஒலிக்கும். வேற்றுமை உருபு ஏறியதும் ஜகரத்தை ஒத்த மெல்லொலி மீண்டும் வரும். இன்றைய ருஷ்யத்தில் இது ஆண்பாற் சொல். அம்மொழியில் ஆண்பாற் பெயர்கள் இரண்டாம் வேற்றுமையில் உயிருள்ளவற்றுக்கு ஒரு வடிவமும் உயிரற்றவற்றுக்கு மற்றொரு வடிவமும் கொள்ளும். ஃபெர்ஸோ மரத்தால் செய்த காயாயினும் உயிருள்ளவற்றின் வடிவத்தையே கொள்கிறது. நம் தமிழில் நேர்மாறு. ராணி என்ற பெயரையே வைத்திருந்தும், ஆட்டத்தில் ராணி வெட்டுப்பட்டது என்போமே தவிர, வெட்டுப்பட்டாள் என்று சொல்லமாட்டோம். பெயர் உயர்திணை, வினை அஃறிணை. ருஷ்யர் காயை மனிதனாகவே கருதி வாக்கியம் அமைக்கிறார்கள்.

ஃபெர்ஸின் இடம் ஆட்ட நூல்களில் உறுதியானது. ருஷ்யக் குறியீட்டில் அக்காயை அதன் முதலெழுத்தாலேயே குறிப்பார்கள். ராணியின் பக்கம் உள்ள பாதிப் பலகைக்கு ஃபெர்ஸ் பக்கம் என்று பெயர். 1927இல் புவனஸ் அயர்ஸ் நகரில் காபபிளாங்காவும் அலெகைனும் உலக விருதுக்காக ஆடிய 34 ஆட்டங்களில் 32 ஆட்டங்கள் எந்தத் தொடக்கமுறையில் அமைந்தனவோ, அந்த முறையை ருஷ்யர் ‘ஃபெர்ஜேவி கம்பீத்’ என்ற பெயரின் கீழ் அடக்குவர். எட்டு ராணிகளை ஒன்றையொன்று தாக்காதவாறு பலகையில் நிறுத்துக என்று 1848இல் மாக்ஸ் பெத்செல் என்ற ஜெர்மானியர் விடுத்த புதிர் கணித மாணவர்களுக்குத் தெரிந்ததே. அதற்கு 92 விடைகள் உண்டு. ருஷ்ய மாணவனுக்கு அது எட்டு ஃபெர்ஸ்களின் கணக்கு. சென்னையில் சோவியத் கலாசார நிலையத்தில் 1972இல் மிகயில் தால் பெயரால் ஒரு சதுரங்கக் கழகம் தொடங்கிற்று. சிறுவராக இருந்த விசுவநாதன் ஆனந்த் ஆடிப் பழகிய இடம் அது. ருஷ்யச் சதுரங்க மரபு தமிழ் இளைஞர்க்கு அருகில் வந்த இடங்களுள் அதுவும் ஒன்று.

பழகாதவர்கள் ருஷ்யாவிலும் இக்காயை அரசி என்று சொல்வதுண்டு. வீட்டு முற்றத்தில் பொழுதுபோக்குக்கு ஆடுபவர்கள் அரசி என்பார்கள். கழகத்தில் பயின்றவர்கள் ஃபெர்ஸ் என்பார்கள். யார் எந்தச் சொல்லை ஆள்கிறார் என்பதைக்கொண்டு அவர் எங்கே ஆட்டம் பயின்றவர் என்பதை ஊகித்துவிடலாம்.

இந்த இரட்டை வழக்கால் அண்மையில் ஒரு சுவையான மொழிபெயர்ப்பு நேர்ந்தது. வால்டர் டெவிஸ் என்ற அமெரிக்கர் 1983இல் எழுதிய ‘தி குவீன்ஸ் கேம்பிட்’ என்னும் நாவல், ஆதரவற்ற சிறுமி ஒருத்தி சதுரங்கத்தில் புகழ்பெறும் கதை. 2020இல் அது தொலைக்காட்சித் தொடராக வெளிவந்தது. ஆங்கிலத் தலைப்பு ஓர் ஆட்டத் தொடக்கத்தின் பெயர். அதே வேளையில் கதைத் தலைவியையும் சுட்டுகிறது. ருஷ்யத்தில் அத்தொடக்கத்தின் சரியான பெயர் ஃபெர்ஜேவி கம்பீத். அதை வைத்தால் ஆட்டம் நிற்கும், பெண் மறைந்துவிடுவாள். ஆகவே அத்தொடர் ருஷ்யத்தில் அரசியின் நகர்த்தல் என்று பொருள்படும் தலைப்போடு வெளிவந்தது. ஆட்டத்தின் பெயரைக் கைவிட்டுக் கதைத் தலைவியைக் காத்தார்கள். இரண்டையும் காக்க அம்மொழியில் வழியில்லை. மொழிபெயர்ப்பாளர் ஒன்றைக் கொடுத்துத்தான் ஒன்றைப் பெற முடியும் என்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு நமக்குக் கிடைத்ததில்லை.

இனி இச்சொல் பலகையை விட்டு இறங்கி வாழ்க்கையில் வழங்கும் முறையைக் காண்போம். காலாள் பலகையின் மறு எல்லையைத் தொட்டால் பெரிய காயாக உயரலாம் என்பது ஆட்டத்தின் விதி. இந்த விதி உவமைக்கு ஏற்றது என்பதைப் புலவர்கள் வெகு காலத்துக்கு முன்பே கண்டுகொண்டார்கள். பாரசீகக் கவிஞர் ஸாதி 1258இல் முடித்த குலிஸ்தானில் ஓர் ஏளனம் வருகிறது. தந்தத்தால் செய்த காலாள் பலகையைக் கடந்து ஃபர்ஜீன் ஆகிறது. அதாவது, முன்னிருந்ததைவிட மேம்படுகிறது. நடந்து செல்லும் யாத்திரிகர்களோ பாலைவனத்தைக் கடந்தும் முன்னைவிடக் கீழ்மையடைந்தார்களே என்பது அதன் கருத்து. யாத்திரைக் கூட்டத்தார் தம்முள் அடித்துக்கொண்ட நிகழ்ச்சி ஒன்றை ஒட்டி அது சொல்லப்படுகிறது. இங்கே ஃபர்ஜீன் ஆவது சிறப்பு.

நம் நாட்டில் அக்பர் அவையிலும் ஜஹாங்கீர் காலத்திலும் வாழ்ந்த அப்துர் ரஹீம் கான்-ஏ-கானான் இதே விதியை வேறு கண்ணோடு பார்த்தார். தில்லியில் நிஜாமுத்தீன் பகுதியில் மதுரா சாலை வழியே செல்லும் நேயர்கள் அவருடைய கல்லறை மாளிகையைக் கண்டிருப்பார்கள். சிறியவன் உயர்வு பெற்றால் செருக்குக் கொள்கிறான், காலாள் ஃபர்ஜி ஆனதும் கோணல் நடை நடக்கிறதல்லவா என்ற கருத்தில் அவர் பெயரால் ஓர் ஈரடிப் பாட்டு வட இந்தியாவில் வழங்குகிறது. நேராக நடந்த காலாள், உயர்ந்த பின் மூலைவாட்டாக நகர்கிறது. பழைய ஆட்டமுறையை அறியாதவர்க்கு இவ்வுவமையின் கூர்மை புலப்படாது. இங்கே ஃபர்ஜி ஆவது இகழ்ச்சி.

ருஷ்யர் வழக்கு இவ்விரண்டுக்கும் நடுவே நிற்கிறது. எளிய நிலையிலிருந்து பெரிய பதவிக்கு வந்தவனைக் குறித்து அவன் ஃபெர்ஸ்களில் ஒருவனாகப் போனான் என்ற பொருள்பட ஒரு தொடர் வழங்குகிறது. அத்தொடரின் அமைப்பு கருதத்தக்கது. ஒருவன் படையில் சேர்ந்தான், ஒருவன் விமானியானான் என்று தொழிலேற்பைக் கூறும்போது ருஷ்யர் எந்த வாக்கிய அமைப்பை ஆள்கிறார்களோ, அதையே காலாளின் உயர்வுக்கும் ஆள்கிறார்கள். காலாள் வேறு பொருளாக மாறியதாக அவர்கள் சொல்லவில்லை. வேறு பதவியில் அமர்ந்ததாகச் சொல்கிறார்கள். அதனால்தான் அலுவலகத்துக்கும் அரசியலுக்கும் அத்தொடர் இவ்வளவு எளிதில் பொருந்துகிறது. அதில் பாராட்டும் இருக்கலாம், பொறாமையும் இருக்கலாம். சொல்பவரின் குரலைப் பொறுத்தது. தன்னைப் பெரிய மனிதனாகக் காட்டிக்கொள்பவனை நோக்கி, இவன் எந்த ஊர் ஃபெர்ஸ் என்று கேட்கும் தோரணையில் கேலி செய்வதும் பேச்சு வழக்கில் உண்டு.

இவ்விடத்தில் இந்தி வழங்கும் பகுதிகளில் வாழும் நேயர்கள் ஓர் எச்சரிக்கையைக் கொள்ள வேண்டும். ஃபர்ஜி என்ற சொல்லை நாம் நாள்தோறும் கேட்கிறோம். போலிச் சான்றிதழை ஃபர்ஜி என்கிறார்கள். இல்லாத ஆளின் பெயரில் எழுதிய கணக்கை ஃபர்ஜி என்கிறார்கள். அது வேறு சொல். கற்பனையாகக் கொள்ளுதல் என்ற பொருளுள்ள அராபியச் சொல்லிலிருந்து வந்தது அது. சதுரங்கத்து ஃபர்ஜி பாரசீகத்திலிருந்து வந்தது. உருது எழுத்தில் இரண்டும் வெவ்வேறு எழுத்துக்களால் எழுதப்படும்; ஒலியில் ஒன்றாகிவிட்டன. ரஹீமின் பாட்டைப் படித்துவிட்டு, காலாள் போலியாகிவிட்டது என்று ஒருவர் பொருள் கொண்டால், கவிஞர் சொல்லாத பழியை அவர்மேல் ஏற்றியதாக முடியும்.

இப்போது நம் பிள்ளைகளின் குழப்பத்துக்கு வருவோம். தமிழில் அரசனுக்கு அடுத்து நிற்பது ராணி. அதற்கடுத்து மூலைவாட்டாக ஓடும் காயை மந்திரி என்கிறோம். கோடியில் நிற்பதை யானை என்றும் கோட்டை என்றும் சொல்கிறோம். தில்லியிலோ மும்பையிலோ ஆடும் பிள்ளைக்கு ராணியின் இடத்தில் நிற்பது வஜீர், நம் மந்திரி அவர்களுக்கு ஒட்டகம், கோடியில் யானை. கொல்கத்தாவில் ராணியின் இடத்தில் நிற்பதே மந்திரி. நம் மந்திரி அங்கே கஜம், அதாவது யானை. கோடியில் நிற்பது நௌகா, அதாவது படகு. கேரளத்திலும் ராணியின் இடத்தில் மந்திரி, அடுத்தது ஆனை, கோடியில் தேர். ஆகவே வங்காளிச் சிறுவன் உன் மந்திரியைப் பார்த்துக்கொள் என்று எச்சரித்தால், தமிழ்ச் சிறுவன் வேறொரு காயைக் காப்பாற்றப் போய் ராணியை இழப்பான். இருவரும் ஒரே சொல்லைச் சொன்னார்கள். இருவரும் தம் வீட்டு வழக்குப்படி சரியாகவே சொன்னார்கள்.

இதற்குக் காரணம் மேற்சொன்ன வரலாற்றிலேயே இருக்கிறது. வங்காளிகளும் மலையாளிகளும் பழைய மந்திரியைப் பழைய இடத்திலேயே வைத்திருக்கிறார்கள். வடக்கே அவனுக்கு வஜீர் என்று பெயர் மாறினாலும் தொழில் மாறவில்லை. தமிழில் ஆங்கில ஆட்டமுறையின் வழியாக ராணி வந்து அமர்ந்தபோது, இடமிழந்த மந்திரி அடுத்த கட்டத்துக்கு நகர்ந்தான் என்று கருத இடமுண்டு. 1856இல் ஆங்கிலேயர் அயோத்தி ராஜ்யத்தைக் கவர்ந்துகொண்ட நிகழ்ச்சியை வைத்துப் பிரேம்சந்த் எழுதிய கதையைச் சத்யஜித் ராய் 1977இல் திரைப்படமாக்கினார். வஜீரை விலக்கிவிட்டு விக்டோரியா ராணிக்கு இடம் கொடுப்போம் என்ற கருத்துப்பட அதன் முடிவில் ஒரு பேச்சு வருகிறது. ஒரு காயின் பெயர் மாறுவதில் ஓர் அரசே மாறிய செய்தி அடங்கியிருக்கக்கூடும் என்பதை அப்படம் அழகாகக் காட்டுகிறது.

வங்காளத்துப் படகும் யானையும் மந்திரியும் ருஷ்யரின் படகையும் யானையையும் ஃபெர்ஸையும் அப்படியே ஒத்திருப்பதைக் கண்டு நேயர்கள் வியக்கலாம். ஆட்டம் வங்காளத்திலிருந்து நேரே ருஷ்யா சென்றது என்று இதனால் முடிவுகட்டிவிடலாகாது. யானையும் மந்திரியும் பழைய ஆட்டத்துக்குப் பொதுவானவை. படகின் ஒற்றுமை ஒன்றை மட்டும் கொண்டு கடல் கடந்த உறவை நிறுவ முடியாது. பெயர்கள் ஒத்திருப்பது ஆராய்ச்சிக்குத் தொடக்கமே அன்றி முடிவாகாது.

இறுதியாக, மொழிபெயர்ப்புக்கு வருவோம். ருஷ்ய நூலில் ஆட்ட விவரம் வருமானால் ஃபெர்ஸைத் தயங்காமல் ராணி என்றே பெயர்க்கலாம். படிப்பவர் பலகையை வைத்துக்கொண்டு படிக்கிறார். அவருக்கு வேண்டியது காய். வரலாற்று நூலில், பழைய மந்திரியைப் பற்றிய பகுதியானால், ஃபெர்ஸ் என்ற சொல்லையே வைத்து முதலிடத்தில் ஒருமுறை விளக்கம் தருவது நலம்.

இடர் உவமையில்தான் வருகிறது. எழுத்தராக வேலைக்குச் சேர்ந்து ஒரு பெருந்தொழிற்சாலைக்குத் தலைவரான ஒருவரைக் குறித்து, காலாளாய் இருந்தவர் ஃபெர்ஸ் ஆனார் என்று ஒரு ருஷ்ய இதழ் எழுதுவதாக வைத்துக்கொள்வோம். காலாளாய் இருந்தவர் ராணி ஆனார் என்று தமிழில் எழுதினால், மீசை வைத்த மனிதரைப் பற்றிப் படித்துக்கொண்டிருக்கும் வாசகர் சிரித்துவிடுவார். மூலச்சொல் ஆண்பால் என்பதால் ருஷ்யருக்கு அந்தச் சிரிப்பு வராது. மந்திரி ஆனார் என்று எழுதினால் அது இன்னும் கேடு. நம் நாட்டில் மந்திரி ஆனார் என்றால் பதவிப்பிரமாணம் எடுத்துக்கொண்டார் என்றே பொருள். ஆளுநர் மாளிகையில் நடக்காத நிகழ்ச்சி நம் மொழிபெயர்ப்பில் நடந்துவிடும். வாசகர் அதைச் செய்தியாக நம்புவார், மற்றொருவரிடம் சொல்வார். ஒரு காயின் பெயரால் ஒரு பொய் ஊருக்குள் நடமாடும்.

ஆகவே அங்கே காயின் பெயரை விட்டுவிட வேண்டும் என்பது நமது கருத்து. காலாளாய்ப் புறப்பட்டவர் பலகையின் கடைசிக் கட்டத்தைத் தொட்டுவிட்டார் என்று எழுதினால் போதும். ஆட்டம் தெரிந்தவர் அதன் பொருளை உடனே உணர்வார். தெரியாதவரும் நெடுவழி நடந்து உயர்ந்தார் என்று கொள்வார். ருஷ்யரின் சொல் போயிற்று. ருஷ்யர் சொன்னது நின்றது.

வெளிமாநிலங்களில் வாழும் பெற்றோர் தம் பிள்ளைகளுக்குச் சதுரங்கம் கற்பிக்கும்போது இதையே சிறிது மாற்றிச் செய்யலாம். வீட்டில் ராணி, மந்திரி, யானை என்ற தமிழ்ப் பெயர்களையே சொல்லித் தரட்டும். அதோடு அந்த ஊரில் அக்காய்க்கு என்ன பெயர் என்பதையும் ஆட்டம் தொடங்குமுன் சொல்லி வைக்கட்டும். ஒரு காய்க்கு இரண்டு பெயர் தெரிந்திருப்பது பிள்ளைக்குச் சுமையாகாது. அடுத்த வீட்டுப் பிள்ளையிடம், உங்கள் மந்திரி எது என்று முதலில் கேட்டுக்கொண்டு ஆடத் தொடங்குகிற பிள்ளை, ராணியைத் தவறவிடாது என்று நம்பலாம்.